இரவல் கொடுத்த குரல்

வானொலியிலே குரல்தான் முகம். முகத்தைக் காட்டாது, குரலால் மட்டுமே புகழ்பெற்ற படமொன்றைத் தாங்கிய நடிகையைப் பற்றிப் பேச இதைவிடப் பொருத்தமான இடமில்லை என எண்ணுகிறேன். அவர் ஜோன் பாரி. 1903இல் லண்டனிற் பிறந்தவர்.

அல்பிரட் ஹிட்ச்கொக் 1929இல் 'பிளாக்மெயில்' என்ற படத்தை, லண்டனுக்கு அண்மையிலுள்ள எல்ஸ்ட்ரீ கலையகத்தில், மௌனப் படமாகவே எடுக்கத் தொடங்கினார். இடையிலே அதனைப் பேசும்படமாக்கத் தீர்மானிக்கப்பட்டது. கதாநாயகி லண்டன் கடைக்காரர் ஒருவரின் மகள். அப்பாத்திரத்தை ஏற்ற அனி ஒண்ட்ராவோ செக் திரையுலகிலிருந்து வந்தவர். அவருடைய ஆங்கில உச்சரிப்புப் பாத்திரத்துக்குப் பொருந்தவில்லை. படம்பிடித்த பின்னர் வேறு குரலைச் சேர்க்கும் வசதியும் அன்று இருக்கவில்லை. ஆகவே, கமராவின் பார்வைக்கு அப்பால் நின்று ஜோன் பாரி ஒலிவாங்கியிற் பேச, கமராவின் முன்னே ஒண்ட்ரா வாயசைத்தார். ஒருவர் ஒரு கணம் பிந்தினாலும் காட்சி கெட்டுவிடும்.

தொல்காப்பியர் கூறும் எட்டு மெய்ப்பாடுகளை வகுப்பிலே விளக்கும்போது, உள்ளத்து உணர்ச்சி உடலிலே புலப்படுவதே மெய்ப்பாடு என்பேன். இப்படத்தின் கதாநாயகி, தன்னைப் பலவந்தப்படுத்த முயன்றவனைக் கத்தியாற் குத்திக் கொன்றுவிட்டு அச்சத்தால் ஒடுங்குகிறாள். அந்த அச்சத்தின் உடல் ஒருவருடையது, குரல் மற்றொருவருடையது. ஆயினும் ஒரே பெண்ணின் துயராகவே அது நம்மை வந்தடைகிறது. இதனைச் சாதித்ததில் பாரிக்குச் சரிபாதிப் பங்குண்டு.

ஒரு குறையையும் சொல்லவேண்டும். பாரியின் பேச்சிலே மேட்டுக்குடியினரின் சாயல் தெரிகிறது. கடைக்காரர் மகளின் வாயில் அது முற்றாக ஒட்டவில்லை. வேற்று நாட்டுச் சாயலை நீக்கப்போய் வேற்று வர்க்கத்தின் சாயல் வந்து சேர்ந்தது. பேச்சுவழக்கு ஒருவரின் ஊரை மட்டுமன்றி, சமூக நிலையையும் காட்டிவிடும் என்பதற்கு இது நல்ல சான்று.

இத்தனை உழைத்தும் படத்தின் பெயர்ப்பட்டியலில் பாரியின் பெயர் இல்லை. ஒண்ட்ராவின் பிரித்தானியத் திரைவாழ்வும் அப்படத்தோடு முடிந்தது.

பின்னர் 1931இல் ஹிட்ச்கொக்கின் 'ரிச் அன்ட் ஸ்ட்ரேஞ்ச்' படத்திலே பாரி தம் சொந்த முகத்தோடும் குரலோடும் நாயகியாகத் தோன்றினார். சேக்ஸ்பியரின் 'தி டெம்பெஸ்ட்' நாடகப் பாடலிலிருந்து பெற்ற தலைப்பு அது. திடீரெனப் பணம் கிடைத்து உலகப் பயணம் புறப்படும் தம்பதியரின் இல்லறம் கடல்வழியிலே ஆட்டங்காணும் கதை. மனைவியின் ஏக்கத்தை அவர் அடங்கிய குரலிலே அழகாகக் காட்டியுள்ளார். ஆனால் அப்படம் வசூலிலே தோற்றது. அடுத்த ஆண்டு 'ரோம் எக்ஸ்பிரஸ்' வந்தது. 1933உடன் அவரது திரைவாழ்வு முடிந்தது. 1989இற் காலமானார்.

உலகப் படங்களின் வரலாறு எழுதுவோர் இன்று 'பிளாக்மெயில்' படத்தைத் தவறாது குறிப்பிடுகின்றனர். நேயர்களே, அதனைப் பார்க்கும் வாய்ப்புக் கிடைத்தால் சில நிமிடங்கள் கண்களை மூடிக்கொண்டு கேளுங்கள். நீங்கள் கேட்பது ஜோன் பாரியை. பெயர்ப்பட்டியல் சொல்லாததை நாமாவது சொல்லிவைப்போம்.