அழகிப் போட்டியிலிருந்து எம்மி பரிந்துரைவரை: பிரேசில் நடிகை கிராஸி மசஃபேரா

கிராஸி மசஃபேரா பிரேசிலின் முன்னணித் தொலைக்காட்சி நடிகைகளில் ஒருவர். மாடலாகவும் அழகிப் போட்டியாளராகவும் இருந்து, 2005-இல் ஒரு ரியாலிட்டி நிகழ்ச்சியின் வழியே நாடறிந்த முகமானவர். பத்து ஆண்டுகள் கழித்து நடித்த ஒரு பாத்திரத்துக்காகச் சர்வதேச எம்மி விருதின் சிறந்த நடிகைப் பிரிவில் பரிந்துரை பெற்றார். அழகை வைத்து உள்ளே வந்தவரை அந்நாட்டுத் தொலைக்காட்சி எப்படி நடிகையாக்குகிறது என்பதற்கு அவருடைய பயணம் தெளிவான எடுத்துக்காட்டு.

ஜகரேசிஞ்ஞோவின் பெண்

1982 ஜூன் 28 அன்று, தென் பிரேசிலின் பரனா மாநிலத்தில் உள்ள ஜகரேசிஞ்ஞோ என்ற சிற்றூரில் அவர் பிறந்தார். சாவோ பாவ்லோ மாநில எல்லையை ஒட்டிய, வேளாண்மையை நம்பி வாழும் பகுதி அது. தந்தை கொத்தனார், தாய் தையல் வேலை செய்தவர். சிறுவயது முதலே உள்ளூர் அழகிப் போட்டிகளில் கலந்துகொண்ட கிராஸி, வளர்ந்த பின் அழகு நிலைய வேலையும் பார்த்துக்கொண்டு மாடலிங்கிலும் இறங்கினார்.

பிரேசிலில் அழகிப் போட்டி மாநகரப் பெண்களுக்கு மட்டும் உரியதன்று. ஊர், மாநிலம், நாடு என்று படிப்படியாக நடக்கும் அந்தப் போட்டிகள், பணவசதியோ பழக்கமோ இல்லாத குடும்பத்துப் பெண்களுக்குப் பெருநகர் செல்லும் வழியாகவும் இருந்துவருகின்றன. 2004-இல் கிராஸி மிஸ் பரனா பட்டம் வென்றார். அதே ஆண்டு மிஸ் பிரேசில் போட்டியில் மூன்றாம் இடம் கிடைத்தது. பெய்ஜிங்கில் நடந்த மிஸ் இன்டர்நேஷனல் போட்டியில் பிரேசிலின் சார்பில் பங்கேற்றார்.

இந்தப் பாதையில் அவருக்கு முன்னோடிகள் உண்டு. 1969-இல் மிஸ் பிரேசில் பட்டம் வென்ற வேரா ஃபிஷர் பின்னர் நெடுந்தொடர்களின் பெரிய நட்சத்திரமானார். பன்னிரண்டு வயது வாக்கில் மாடலிங்கைத் தொடங்கிய அனா பாவ்லா அரோசியோ, 1999-இல் ‘டெர்ரா நோஸ்ட்ரா’ தொடரின் நாயகியாகப் புகழ்பெற்றார். ஆனால் கிராஸி நுழைந்த வாசல் வேறு.

ரியாலிட்டி வீட்டில் மூன்று மாதம்

நெதர்லாந்தில் 1999-இல் தொடங்கிய ‘பிக் பிரதர்’ நிகழ்ச்சியின் பிரேசில் வடிவம் 2002 முதல் குளோபோ தொலைக்காட்சியில் ஒளிபரப்பாகிறது. தமிழில் 2017-இல் வந்த ‘பிக் பாஸ்’ நிகழ்ச்சிக்கும் மூலம் அதே டச்சு வடிவம்தான். 2005-ஆம் ஆண்டின் தொடக்கத்தில் ஒளிபரப்பான ஐந்தாம் பருவத்தில் கிராஸி போட்டியாளராக நுழைந்தார்.

அந்தப் பருவத்தின் கதை ஒரு நட்பைச் சுற்றி அமைந்தது. பஹியா மாநிலத்தைச் சேர்ந்த பேராசிரியரும் பத்திரிகையாளருமான ஜான் வில்லிஸ், தான் தன்பாலின ஈர்ப்பாளர் என்பதை நிகழ்ச்சியிலேயே வெளிப்படையாகச் சொன்னவர். வீட்டுக்குள் எதிரணி வலுவாக இருந்தபோது கிராஸி அவர் பக்கம் நின்றார். இறுதிப் போட்டியில் மோதியவர்களும் இவர்கள் இருவர்தான். ஜான் வில்லிஸ் பட்டத்தையும் பத்து லட்சம் ரியால் பரிசையும் வென்றார்; 2010-இல் நாடாளுமன்ற உறுப்பினராகவும் தேர்ந்தெடுக்கப்பட்டார். கிராஸிக்கு இரண்டாம் இடம்.

பரிசு கைநழுவினாலும் மக்களின் பரிவு அவருக்குக் கிடைத்துவிட்டது. நாக்கை மடித்து ‘ர’ ஒலிக்கும் நாட்டுப்புறப் பேச்சு, ஒளிவுமறைவில்லாத சிரிப்பு, ஏழ்மையை மறைக்காத இயல்பு ஆகியவை அவரைப் பக்கத்து வீட்டுப் பெண்ணாகக் காட்டின. பத்திரிகை அட்டைகளும் விளம்பரங்களும் தேடிவந்தன. ஆனால் பிரேசிலில் இந்த நிகழ்ச்சியிலிருந்து வெளிவருபவர்களை ‘எக்ஸ் பி பி பி’ (முன்னாள் ‘பிக் பிரதர் பிரேசில்’ போட்டியாளர்) என்று ஒரு தனி இனமாகவே குறிப்பிடுவார்கள். சில மாதம் பேசப்பட்டு மறக்கப்படுபவர் என்ற ஏளனமும் அதில் ஒட்டியிருக்கும். அந்தப் பெயரைக் களைவதே கிராஸியின் அடுத்த பத்தாண்டு வேலையாயிற்று.

நேரத்தை வைத்துப் படிநிலை

அவர் ஏறிய ஏணியைப் புரிந்துகொள்ள, குளோபோவின் மாலை நேர ஒழுங்கைப் புரிந்துகொள்ள வேண்டும். 1965-இல் ஒளிபரப்பைத் தொடங்கிய இந்நிறுவனம், ரியோ டி ஜெனிரோவின் மேற்குப் பகுதியில் உள்ள தன் பெரும் படப்பிடிப்பு வளாகத்தில் ஒரே சமயத்தில் பல நெடுந்தொடர்களைத் தயாரிக்கிறது. ‘நொவெலா’ என்று மக்கள் அழைக்கும் இவை திங்கள் முதல் சனி வரை ஒளிபரப்பாகி, பெரும்பாலும் 150 முதல் 200 அத்தியாயங்களில் முடிந்துவிடும். தமிழ் நெடுந்தொடர்களைப் போல ஆண்டுக்கணக்கில் நீள்வதில்லை. முடிவு ஒன்று உண்டு என்பது பார்வையாளருக்கு முதல் நாளே தெரியும்.

ஒவ்வொரு நேரத்துக்கும் ஒரு குணம் இருக்கிறது. ஆறு மணித் தொடர் மென்மையான காதல் கதையாகவோ பழைய காலக் கதையாகவோ இருக்கும். ஏழு மணிக்கு நகைச்சுவை கலந்த கதை. அதன்பின் தேசியச் செய்தி. செய்தி முடிந்ததும் ஒன்பது மணித் தொடர்: நாட்டிலேயே அதிகம் பேர் பார்ப்பதும், ஊரெல்லாம் விவாதிக்கப்படுவதும் இதுதான். இரவு பதினொரு மணிக்குச் சில ஆண்டுகளில் வந்த குறுந்தொடர்கள், வயதுவந்தோருக்கான கருப்பொருளை எடுத்துக்கொண்டன.

நொவெலாவின் இன்னொரு தன்மை, ஒளிபரப்பாகிக்கொண்டிருக்கும்போதே அது எழுதப்படுவது. பார்வையாளர் அளவீட்டையும் கருத்துக்கேட்பையும் கவனித்து எழுத்தாளர் கதையை வளைப்பார். எடுபட்ட துணைப் பாத்திரம் பெரிதாகும். எடுபடாத நாயகி ஓரங்கட்டப்படுவார். மாதக்கணக்கில் நாள்தோறும் பல காட்சிகளில் நடித்துப் பழகும் புதுமுகத்துக்கு இதைவிடக் கடுமையான பயிற்சி இல்லை. அந்தப் பயிற்சியின் தடுமாற்றம் எல்லாம் நாடே பார்க்கும்படி நடக்கும்.

துணைப் பாத்திரம் முதல் நாயகிவரை

2006-இல் மனோயெல் கார்லோஸ் எழுதிய ‘பாஜினாஸ் டா வீடா’ (வாழ்க்கையின் பக்கங்கள்) என்ற முதன்மை நேரத் தொடரில் கிராஸிக்குத் தெல்மா என்ற துணைப் பாத்திரம் கிடைத்தது. ரெஜினா டுவார்ட்டே போன்ற மூத்த நடிகைகள் முன்நின்ற தொடர் அது. அனுபவமில்லாத ஒருவருக்குப் பெரிய மேடைதான் என்றாலும் சுமை குறைவு.

அடுத்த ஆண்டு ஆறு மணித் தொடரான ‘டெசேஜு ப்ரொயிபீடு’ (தடைசெய்த ஆசை) வந்தது. 2008-இல் மிகெல் ஃபலாபெல்லாவின் ‘நெகோசியு டா ஷீனா’ தொடரில் லீவியா என்ற நாயகி வேடம். ரியாலிட்டி வீட்டைவிட்டு வந்து மூன்றே ஆண்டில் ஒரு தொடரை முன்நின்று சுமக்கும் பொறுப்பு அது.

2010-இல் ஏழு மணித் தொடரான ‘டெம்போஸ் மொடெர்னோஸ்’ (நவீன காலம்) அவரை வில்லி டெயோடோராவாக்கியது. மக்கள் விரும்பிய ‘நல்ல பெண்’ பிம்பத்துக்கு நேரெதிரான தெரிவு இது. தொடர்ந்து ‘அகேலி பேஜு’ (அந்த முத்தம்), 2012-இல் செல்டன் மெல்லோவுடன் ‘பில்லி பிக்’ என்ற நகைச்சுவைத் திரைப்படம் ஆகியவை வந்தன.

2013-இல் ‘ஃப்ளோர் டு கரீபி’ (கரீபியன் மலர்) தொடரில் எஸ்டெர் என்ற நாயகியாக நடித்தார். வடகிழக்குக் கடற்கரையில், ரியோ கிராண்டே டு நோர்ட்டே மாநிலத்தில் அமைந்ததாகக் கற்பனை செய்யப்பட்ட ஒரு மீனவ ஊர். மணல்மேடுகளும் நீலக் கடலும் சூழ, சுற்றுலா வழிகாட்டியாக வேலைபார்க்கும் பெண். 2020-இல் கொரோனாவால் புதிய படப்பிடிப்புகள் நின்றபோது குளோபோ மறுஒளிபரப்புக்கு எடுத்த தொடர்களில் இதுவும் ஒன்று. ஆறு மணி நாயகிக்கு வேண்டிய எல்லாம் அவரிடம் உண்டு என்பதை இது காட்டியது. அழகான, இனிமையான பெண் வேடம் தாண்டி எதுவும் செய்வாரா என்ற கேள்வி மட்டும் நின்றது.

லரிசா

பதில் 2015 ஜூனில் வந்தது. வால்சிர் கரராஸ்கு எழுதிய ‘வெர்டாடிஸ் செக்ரெட்டாஸ்’ (இரகசிய உண்மைகள்) பதினொரு மணித் தொடர், 64 அத்தியாயங்கள். மாடலிங் உலகின் மறுபக்கம்தான் அதன் களம். சாவோ பாவ்லோவின் ஒரு மாடல் நிறுவனத்தில் இரண்டு ஆல்பங்கள் இருக்கும். ஒன்று விளம்பரதாரருக்கு, மற்றது பணக்கார ஆண்களுக்கு இரகசியமாகக் காட்டப்படுவது. அந்த இரண்டாம் ஆல்பத்தில் இடம்பெறும் பெண்கள் பாலியல் தொழிலுக்கு அனுப்பப்படுகிறார்கள். ஊரிலிருந்து மாடலாக வரும் இளம்பெண்ணாக நடித்த கமீலா கெய்ரோஸும் உண்மையில் மாடலாக இருந்தவர். அதுவே அவரது முதல் தொடர். நிறுவன உரிமையாளராக மரியெட்டா செவெரு நடித்தார்.

கிராஸி ஏற்றது லரிசா என்ற மாடலின் வேடம். புதிய முகங்கள் வந்துகொண்டே இருக்கும் தொழிலில் வாய்ப்புகள் குறைந்துவருவதை உணரும் பெண் அவர். போதைப்பழக்கம் தொற்றுகிறது, கிராக் எனப்படும் கொக்கெயின் கட்டிக்கு அடிமையாகிறார். மெல்ல வேலை, வீடு, நண்பர்கள் எல்லாம் போகின்றன. தொடரின் பிற்பகுதியில் அவர் இருப்பது ‘கிராக்கொலாண்டியா’வில். சாவோ பாவ்லோ நகரின் நடுவில், போதை அடிமைகள் தெருவிலேயே குடியிருந்து, தெருவிலேயே புகைத்துக் கிடந்த பகுதிக்கு மக்கள் இட்ட பெயர் அது.

அந்தக் காட்சிகளில் மிஸ் பரனாவின் சுவடே இல்லை. சிக்குப்பிடித்த தலைமுடி, புண்ணான உதடுகள், அழுக்கு உடை, போர்வைக்குள் ஒடுங்கி நடுங்கும் உடல். ஒப்பனை பாதி வேலையைச் செய்தது. மீதியைச் செய்தது நடிப்பு. அடுத்த கட்டிக்காகக் கெஞ்சும்போது நிலைகொள்ளாமல் அலையும் கண்கள், வாக்கியத்தை முடிக்காமல் அறுந்துபோகும் பேச்சு, பழைய அலட்சியச் சிரிப்பு ஒரு நொடி எட்டிப்பார்த்து மறைவது என்று லரிசாவின் சரிவை அவர் படிப்படியாகக் காட்டினார். முன்பாதியில் மேடையில் நிமிர்ந்து நடந்ததும் அதே உடல்தான் என்பது பார்ப்பவரை இன்னும் உலுக்கியது. மாடலின் நடையும் நிற்கும் விதமும் தெரிந்த ஒருவரால்தான் அவை குலைவதை இவ்வளவு துல்லியமாகக் காட்ட முடியும்.

2016-இல் ‘வெர்டாடிஸ் செக்ரெட்டாஸ்’ சிறந்த நெடுந்தொடருக்கான சர்வதேச எம்மி விருதை வென்றது. கிராஸி சிறந்த நடிகைப் பிரிவில் பரிந்துரைக்கப்பட்டார். 2013-இல் பிரேசில் நாடகத்தின் மூத்த நடிகை ஃபெர்னாண்டா மொண்டெனேக்ரோ வென்ற பிரிவு அது. நியூயார்க்கில் நடந்த விழாவில் விருது ஜெர்மன் நடிகை கிறிஸ்டியானே பாவ்லுக்குச் சென்றது. ஆனால் ‘எக்ஸ் பி பி பி’ என்ற அடைமொழிக்கு அதன்பின் வேலை இருக்கவில்லை.

தையல்காரி பலோமா

அடுத்த சில ஆண்டுகளில் ‘ஆ லே டு அமோர்’ (காதலின் சட்டம்), கரராஸ்குவின் ‘உ ஓட்ரு லாடு டு பரைஸு’ (சொர்க்கத்தின் மறுபக்கம்) என இரண்டு ஒன்பது மணித் தொடர்களில் நடித்தார். இரண்டாவதில் வில்லியாக வந்த மரியெட்டா செவெருவின் மகள் வேடம்.

2019 ஜூலையில் தொடங்கிய ‘பொம் சுசெஸ்ஸு’ அவருக்கு இன்னொரு திருப்பம். ரோசானே ஸ்வார்ட்மனும் பாவ்லு ஹால்மும் எழுதிய ஏழு மணித் தொடர் இது. ரியோவின் வடபுறத்துப் புறநகரான பொன்சுசெஸ்ஸுவில் வாழும் பலோமா, தையல் வேலை செய்து மூன்று பிள்ளைகளைத் தனியாக வளர்ப்பவர், புத்தகப் பிரியை. மருத்துவப் பரிசோதனை முடிவு மாறிப்போனதால் தனக்கு ஆறு மாத ஆயுள்தான் என்று நம்புகிறார். தவறு தெரிந்ததும், அந்த முடிவுக்கு உண்மையில் உரியவர் யார் என்று தேடிப்போகிறார். அவர் அல்பெர்டு என்ற வயதான பதிப்பாளர். நடித்தவர் அன்டோனியு ஃபகுண்டஸ். சாகப்போகும் மனிதருக்கும் சாவிலிருந்து தப்பிய பெண்ணுக்கும் இடையே புத்தகங்கள் வழியாக வளரும் நட்புதான் கதையின் உயிர். இலக்கியத்தை ஏழு மணித் தொடருக்குள் கொண்டுவந்ததற்காக நல்ல பெயர் பெற்றது. தையல்காரரின் மகளான கிராஸிக்கு பலோமாவின் வீடும் வேலையும் அந்நியமில்லை.

லரிசா, பலோமா இரண்டையும் சேர்த்துப் பார்த்தால் ஒன்று தெரியும். தொடக்க ஆண்டுகளில் அவருக்குக் கிடைத்த வேடங்கள் அவரது தோற்றத்தைப் பயன்படுத்தின. பேர் வாங்கித்தந்த வேடங்களோ அவர் வந்த இடத்தைப் பயன்படுத்தின: ஒன்று மாடல் தொழிலை, மற்றது உழைக்கும் குடும்பத்தை.

ஒப்பந்தம் முடிந்த பின்

நட்சத்திரங்களுக்கு வேலை இருந்தாலும் இல்லாவிட்டாலும் மாதச் சம்பளம் கொடுத்து வைத்துக்கொள்வது குளோபோவின் நெடுநாள் வழக்கமாக இருந்தது. இணையவழி ஓடிடி தளங்களின் போட்டி கூடியதும் செலவைக் குறைக்க, தொடருக்குத் தொடர் ஒப்பந்தம் என்ற முறைக்கு நிறுவனம் மாறியது. பல மூத்த கலைஞர்களின் நிரந்தர ஒப்பந்தங்கள் புதுப்பிக்கப்படவில்லை. கிராஸியின் ஒப்பந்தமும் 2021-இல் முடிவுக்கு வந்தது.

இதனால் வேறு இடங்களில் நடிக்க வழி பிறந்தது. எச்பிஓ மேக்ஸ் தளத்துக்காக எடுக்கப்பட்ட ‘டோனா பேஜா’வில் தலைப்புப் பாத்திரத்தை ஏற்றார். பத்தொன்பதாம் நூற்றாண்டில் மினாஸ் ஜெராயிஸ் பகுதியின் அரஷா ஊரில் வாழ்ந்து, ஊர்க் கட்டுப்பாடுகளை மீறியதால் கதையாகிப்போன பெண் பேஜா. இந்த வேடத்தில் 1986-இல் மன்சேட்டி தொலைக்காட்சியில் மைட்டே ப்ரொயென்சா நடித்துப் பெரும் புகழ் பெற்றிருந்தார். குளோபோவுடனான உறவும் அறுந்துவிடவில்லை. 2022-இல் ‘ட்ராவெஸ்ஸியா’ தொடரின் தொடக்க அத்தியாயங்களில் சிறப்பு வேடத்தில் வந்தார். 2025 அக்டோபரில் தொடங்கிய ஒன்பது மணித் தொடர் ‘ட்ரேஸ் கிராசஸ்’ அவரை முதன்மை வில்லி அர்மிண்டாவாகக் காட்டியது. எழுதியவர்களில் முதன்மையானவர் அகினால்டு சில்வா. மறக்கமுடியாத வில்லிகளைப் படைப்பதில் பெயர்பெற்றவர்.

பிரேசில் நொவெலாவில் ஒன்பது மணி வில்லி என்பது நாயகிக்கு இணையான, சில நேரம் அதையும் விஞ்சும் இடம். கதையை நகர்த்துவதும் நகைச்சுவையைச் சுமப்பதும் பெரும்பாலும் அந்தப் பாத்திரம்தான். அனுபவம் நிரூபிக்கப்பட்டவர்களுக்கே அது தரப்படும். ரியாலிட்டி வீட்டிலிருந்து வெளிவந்த இருபதாவது ஆண்டில் கிராஸி மசஃபேரா வந்து சேர்ந்த இடம் அது.