கடை இனிப்பு, தாளிக்கிற அளவுக்கு

லயத்துக் குசினியில் ஓவன் கிடையாது. அதனால் “பேக் பண்ணாத ஸ்வீட்” என்று சமையல் வீடியோக்களில் புதுமைபோலக் காட்டுவது நமக்குப் பழைய சங்கதி. அம்மன் திருவிழாவுக்குப் பச்சரிசி மாவில் சக்கரை பிசைந்து மாவிளக்குச் செய்வோமே, அதற்கு அடுப்பே தேவையில்லை. எங்கள் அம்மாச்சி அவலை ஊறவைத்து, தேங்காய்ப்பூவும் சக்கரையும் போட்டுக் கையில் உருட்டித் தருவார். சூடு காட்டாமலே பலகாரம் ஆகிவிடும்.

மாறிப்போனது கடைதான். தீபாவளி முற்பணம் கைக்கு வந்த கிழமையில் அட்டன் டவுனில் இறங்கிப் பாருங்கள். மஸ்கட், பூந்தி, பால் டொபி, கலர் ஜெலி, மாரி பிஸ்கட், டின்பால் எல்லாம் நடைபாதை வரை வந்துவிடும். அதே மாதிரிப் பைகள் நத்தாருக்கும் பொங்கலுக்கும் மறுபடி மலையேறும். விடுமுறையில் பிள்ளைகள் வீட்டில் இருப்பார்கள், மழை வெளியே விடாது. “அம்மா, பிஸ்கட் புடிங் செய்வோமா?” என்ற கேள்வி வராமல் இருக்காது. செய்யலாம். கூட நின்று செய்வது பிள்ளைக்கு நல்லதும்தான். என்ன அளவில், எதோடு சேர்த்து என்பதில்தான் எனக்குச் சண்டை.

டின்பால் கணக்கு

வழக்கமான பிஸ்கட் புடிங்கை எடுத்துக்கொள்வோம். மாரி பிஸ்கட்டைப் பாலில் நனைத்து அடுக்க வேண்டும். இடையிடையே பட்டர், ஐசிங் சீனி, கொக்கோ அடித்த கலவை. பல வீடுகளில் ஐசிங் சீனிக்குப் பதில் டின்பால். டின்பால் நூறு கிராமில் சேர்த்த சீனி மட்டும் நாற்பது கிராமுக்குக் குறையாது. 390 கிராம் டின் ஒன்றை முழுவதும் ஊற்றினால் முப்பது தேக்கரண்டிக்கு மேல் சீனி போட்டதாகிவிடும். ஆறு பிள்ளைகள் பகிர்ந்தாலும் ஆளுக்கு ஐந்து தேக்கரண்டி வருகிறது. பிஸ்கட்டில் இருக்கும் சீனி இதில் சேரவில்லை.

உலக சுகாதார நிறுவனம் 2015 இல் தந்த வழிகாட்டல், நாள் முழுவதும் சாப்பிடும் சக்தியில் சேர்த்த சீனியின் பங்கு பத்து வீதத்துக்குக் கீழே இருக்கவேண்டும், ஐந்து வீதத்துக்குக் கீழே போனால் இன்னும் நல்லது என்கிறது. ஐந்து வயதுப் பிள்ளைக்கு இதைக் கரண்டியில் சொன்னால் மூன்று தேக்கரண்டி நல்லது, ஆறைத் தாண்டக் கூடாது. நம் பிள்ளைகள் காலையில் குடிக்கும் தேத்தண்ணியிலேயே இரண்டு கரண்டி போய்விடுகிறது.

சோடா, ஜூஸ் போத்தல்களில் 2016 ஆகஸ்ட் முதல் சிவப்பு, செம்மஞ்சள், பச்சை அடையாளம் போடவேண்டும் என்பது இலங்கைச் சட்டம். நூறு மில்லிலீற்றரில் பதினொரு கிராமுக்கு மேல் சீனி இருந்தால் சிவப்பு. பக்கட் உணவுகளுக்கும் பின்னர் இந்த முறை வந்தது. கடைக்குப் போகும்போது அந்த நிற அடையாளத்தைத் தேடும் வேலையைப் பிள்ளையிடம் கொடுத்துவிடுங்கள். எழுத்துக் கூட்டத் தெரியாத பிள்ளைக்கும் சிவப்பு தெரியும். சில்லறையாக நிறுத்துத் தரும் இனிப்பில் இந்த அடையாளம் எதுவும் இருக்காது. கண்ணைப் பறிக்கும் பச்சை மஸ்கட்டில் என்ன சாயம் என்று விற்பவருக்கே தெரியாது. போதாததற்கு அதைப் பழைய பரீட்சைத் தாளில் சுற்றித் தருவார்கள். அச்சு மை தின்பதற்கானது இல்லை.

வயிறு நிறைந்தும் வளராத பிள்ளை

சீனி என்றவுடன் கொழுத்த பிள்ளைகளைத்தான் நினைக்கிறோம். தேயிலைத் தோட்டத்தில் கதை வேறு. 2016 ஆம் ஆண்டின் குடித்தொகை, சுகாதார ஆய்வில், ஐந்து வயதுக்குக் கீழ்ப்பட்ட பிள்ளைகளில் வயதுக்கேற்ற உயரம் இல்லாதவர்கள் நாடு முழுவதும் நூற்றுக்குச் சுமார் பதினேழு பேர். தோட்டப்புறத்தில் ஏறக்குறைய முப்பத்திரண்டு பேர். அந்தப் பிள்ளையின் வயிறு சின்னது. பத்து மணிக்கு இரண்டு டொபியும் நாலு பிஸ்கட்டும் உள்ளே போனால் மத்தியானச் சோறும் பருப்பும் முட்டையும் வேண்டாமென்று போய்விடும். பசி அடங்கும், உடம்புக்கு ஒன்றும் சேராது.

அதனால் விடுமுறைப் பலகாரத்திலும் உடம்புக்கு ஏதாவது ஏறவேண்டும். கொழுந்துக்குப் போய் வந்த தாய்க்குத் தனியாகச் சத்துணவு செய்ய நேரம் எங்கே?

தாளிக்கிற அளவுக்கு

கடுகும் கறிவேப்பிலையும் குழம்புக்கு வாசம் தரும். ஆனால் யாரும் கடுகை அள்ளித் தின்பதில்லை. கடை இனிப்பையும் அப்படிப் பாவியுங்கள். அடியில் தானியம், பழம், தயிர். மேலே வாசத்துக்கும் ஆசைக்கும் கொஞ்சம் இனிப்பு.

எங்கள் வீட்டில் அதிகம் ஓடுவது இந்த உருண்டை. கடையில் பக்கட்டாக விற்கும் சோயாவும் தானியமும் கலந்த சமபோஷா மா ஒரு கோப்பை, துருவின தேங்காய் அரைக் கோப்பை, உப்பு ஒரு சிட்டிகை. இனிப்புக்குக் கடையில் வாங்கின எள்ளுருண்டை நான்கு. நாம் தலகுலி என்று கேட்டு வாங்குவோமே, இரண்டு முனையும் முறுக்கிய வெள்ளைத் தாளில் வருவது, அதுதான். தாளைப் பிரித்து உதிர்ப்பது பிள்ளைகளின் வேலை. எல்லாவற்றையும் கலந்து, கொதித்தாறிய தண்ணீரைத் தெளித்துப் பிசைந்தால் பன்னிரண்டு சின்ன உருண்டை வரும். நாலு பேர் தின்று முடிக்கிற தலகுலி பன்னிரண்டு பேருக்குக் காணும். எள்ளும் சோயாவும் தானியமும் உள்ளே போகும். எள், சோயா, கச்சான் ஒத்துக்கொள்ளாத பிள்ளைக்கு மட்டும் இது வேண்டாம்.

இதே பக்குவத்தில் கிளினிக்கில் தரும் திரிபோஷாவிலும் உருட்டலாம். அது ஏற்கனவே பதப்படுத்தி வெந்த மா. ஆனால் கிளினிக்கில் தந்த பக்கட் நிறை குறைந்த பிள்ளைக்கும் கர்ப்பிணிக்கும் பாலூட்டும் தாய்க்கும் உரியது. பண்டிகைக்கென்று வீடு முழுக்கப் பங்கு போட்டால் அந்தப் பிள்ளையின் பங்கு போய்விடும். மற்றவர்களுக்குக் கடைப் பக்கட்டே இருக்கட்டும்.

பிஸ்கட் புடிங்தான் வேண்டுமென்று அழுதால் கண்ணாடிக் கிளாசில் செய்து கொடுங்கள். ஆளுக்கு இரண்டு மாரி பிஸ்கட்டை நொறுக்கி அடியில் போடுங்கள். மேலே இனிப்பில்லாத தயிர், வட்டமாக வெட்டிய வாழைப்பழம், மறுபடி தயிர். உச்சியில் ஒரு தேக்கரண்டி டின்பாலைக் கோலம் போடுவதுபோலப் பிள்ளையே ஊற்றட்டும். நுவரெலியாப் பக்கம் ஸ்ட்ரோபெரி மலிந்த நாளில் அதில் இரண்டு நறுக்கிப் போட்டால் கடையில் வாங்கினது மாதிரியே தெரியும். மிஞ்சின லட்டு ஒன்றை உதிர்த்துப் பப்பாசித் துண்டுகள்மேல் தூவினாலும் நாலு பிள்ளைக்கு வரும். என் மகனுக்கு அது பிடிக்காது. பப்பாசியை ஒதுக்கிவிட்டு லட்டை மட்டும் பொறுக்குவான்.

இரண்டு வயதுக்குக் குறைந்த பிள்ளைக்கு இந்த இனிப்பு எதுவும் தேவையில்லை. பழத்தை மசித்துக் கொடுத்தால் போதும். டின்பால் குழந்தைப் பால் ஆகாது. ஒரு வயது நிரம்பாத பிள்ளைக்குத் தேனைத் தொட்டு நாக்கில் வைப்பதும் ஆகாது. தேனில் இருக்கக்கூடிய ஒருவகைக் கிருமி வித்து அந்த வயதுக் குடலில் நஞ்சை உண்டாக்கும்.

குளிரை நம்பி வைக்காதீர்கள்

நுவரெலியா கடல் மட்டத்திலிருந்து 1,868 மீற்றர் உயரம். தை மாதத்துப் பனியில் சன்னலோரம் வைத்த பட்டர் கல்லாகிவிடும். “எங்களுக்கு ஃபிரிட்ஜே வேண்டாம்” என்று பெருமையாகச் சொல்லுவோம். பட்டர் இறுகுவதைக் கிருமி கண்டுகொள்வதில்லை. ஃபிரிட்ஜின் உள்ளே ஐந்து பாகைக்குக் கீழே இருக்கும். பகலில் அடுப்பு எரியும் காம்பராவில் அந்தக் குளிர் ஒருநாளும் வராது. அட்டன், தலவாக்கலைப் பக்கம் இன்னும் சூடு. பாலும் தயிரும் தேங்காயும் சேர்ந்த எதையும் இரண்டு மணி நேரத்துக்குள் சாப்பிட்டு முடிக்கும் அளவில் செய்யுங்கள்.

சிலர் புடிங் பொங்கி வரவேண்டுமென்று பச்சை முட்டையை அடித்து ஊற்றுகிறார்கள். சூடு காட்டாத பலகாரத்தில் முட்டையில் இருக்கக்கூடிய சல்மொனெல்லாக் கிருமி அப்படியே வயிற்றுக்குள் போகும். இதை நான் கெஞ்சிக் கேட்கிறேன், முட்டை வேண்டாம்.

பீலித் தண்ணீர் பார்வைக்குத் தெளிவாக இருக்கும். பிசைவதற்கு அதைக் கொதிக்கவைத்து ஆற்றியே எடுங்கள். மாவில் கை வைக்குமுன் ஒவ்வொரு பிள்ளையும் சவர்க்காரம் போட்டு இருபது எண்ணும்வரை கழுவவேண்டும். வயிற்றோட்டம் உள்ள பிள்ளை தாளைப் பிரிக்கவும் வேண்டாம், மா பிசையவும் வேண்டாம்.

கூடவே தேத்தண்ணி வேண்டாம்

தேயிலை மலையில் இருந்துகொண்டு இதைச் சொல்வது சங்கடந்தான். எள்ளிலும் தானியத்திலும் உள்ள இரும்புச்சத்தைத் தேயிலைச் சாயம் உடம்பில் சேரவிடாமல் பிடித்துக்கொள்ளும். பலகாரத்துக்கும் தேத்தண்ணிக்கும் ஒரு மணி நேர இடைவெளி விடுங்கள். தேசிக்காய்த் தண்ணீரோ தோடம்பழச் சுளையோ கொடுத்தால் அதே இரும்பு நன்றாகச் சேரும்.

தொண்டையில் அடைக்கும் சாமான்

முழுக் கச்சான், உருண்டையான கெட்டி டொபி, உறிஞ்சித் தின்னும் குட்டிக் கப் ஜெலி ஆகியவை ஐந்து வயதுக்குக் குறைந்த பிள்ளையின் கைக்குப் போகக் கூடாது. கொன்ஜாக் மா சேர்த்த கப் ஜெலிகள் பிள்ளைகளின் உயிரைக் குடித்த பின் ஐரோப்பிய ஒன்றியம் 2003 இல் ஜெலி இனிப்புகளில் அந்த மாவையே தடை செய்தது. கச்சானை இடித்துச் சேருங்கள். தின்னும்போது உட்காரவைத்துக் கொடுங்கள், லயத்து வாசலில் ஓடிக்கொண்டே வேண்டாம்.

அடைத்துவிட்டால், ஒரு வயது தாண்டிய பிள்ளையை முன்பக்கம் குனியவைத்துத் தோள்பட்டைகளுக்கு நடுவே உள்ளங்கையால் ஐந்து தரம் ஓங்கித் தட்டுங்கள். வராவிட்டால் பின்னால் நின்று, தொப்புளுக்கு மேலே கைமுஷ்டியை வைத்து உள்ளேயும் மேலேயுமாக ஐந்து தரம் அழுத்துங்கள். மாறி மாறிச் செய்யுங்கள். பக்கத்தில் நிற்பவர் 1990 சுவசெரிய அம்புலன்சுக்கு அழைக்கட்டும். அது இலவசம். கண்ணுக்குத் தெரியாத பொருளைத் தேடி வாய்க்குள் விரலை விடாதீர்கள், இன்னும் உள்ளே தள்ளிவிடும்.

ராத்திரி வேலை

பல்லுக்குக் கேடு எவ்வளவு தின்கிறோம் என்பதைவிட எத்தனை தரம் தின்கிறோம் என்பதில்தான் அதிகம். ஒவ்வொரு வாய் இனிப்புக்கும் பின்னால் அரை மணி நேரமளவு பற்களின்மேல் அமிலம் ஊறும். நாள் முழுக்கப் பால் டொபியை ஒட்டவைத்துக்கொண்டு திரிவதற்குப் பதில், சாப்பாட்டோடு சேர்த்து ஒரே தரமாகக் கொடுத்து முடித்துவிடுங்கள். படுக்குமுன் புளோரைட் பற்பசையால் துலக்கவேண்டும். மூன்று வயது வரை அரிசி மணியளவு, அதற்குமேல் பட்டாணியளவு. ஆறேழு வயது வரை பெரியவர் கை கூட வேண்டும். துலக்கி முடித்ததும் “இன்னும் ஒரே ஒரு உருண்டை” என்று வருவார்கள். டப்பாவை உயரத்தில் வைத்துவிட்டு விளக்கை அணைத்துவிடுங்கள்.