வேலை போனா இஎஸ்ஐ பணம் எப்போ வரும்? 15 நாள்னு நம்பி இருக்காதீங்க!



"சார், வேலை போயிடுச்சு. இஎஸ்ஐ-ல பணம் தருவாங்களாமே, எத்தனை நாள்ல வரும்?" ஓசூர் சிப்காட்டில் வேலை பார்க்கிற பலரும் என்னிடம் கேட்கிற கேள்வி இது.

திட்டத்தின் பெயர் அடல் பீமித் வியக்தி கல்யாண் யோஜனா. 2018 ஜூலை 1 முதல் நடைமுறையில் இருக்கு. வாழ்நாளில் மொத்தம் 90 நாளுக்குத்தான் கிடைக்கும். முதலில் சராசரி தினச் சம்பளத்தில் 25% கொடுத்தாங்க, 90 நாள் காத்திருக்கணும். 2020-ல் கொரோனா வந்தப்போ அதை 50% ஆக்கி, காத்திருப்பை 30 நாளாகக் குறைச்சாங்க. இந்தச் சலுகை தற்காலிகம்தான். பலமுறை நீட்டிச்சிருக்காங்க. விண்ணப்பிக்கும்போது நடப்பில் இருக்கான்னு பார்த்துக்கோங்க.

மாதச் சம்பளம் 18,000 ரூபாய்னா, ஒரு நாளுக்குச் சுமார் 600. அதில் பாதி 300. 90 நாளுக்கு 27,000 ரூபாய்.

சரி, எப்போ வரும்? விண்ணப்பம் போட்ட 15 நாளில் வங்கிக் கணக்குக்கு வரணும் என்பது விதி. ஆனா அது விண்ணப்பத்துக்குப் பிறகான கணக்கு மட்டும்தான்.

உங்க கடைசி வேலை நாள் மார்ச் 10-னு வெச்சுக்குவோம். ஏப்ரல் 9-ல் 30 நாள் முடியுது. ஆனா மார்ச்சில் சில நாள் சம்பளம் வாங்கியிருக்கீங்க. அதனால நீங்க விலகிய தேதியை, வேலை நாள் பூஜ்ஜியமா இருக்கிற ஏப்ரல் மாதச் சந்தா தாக்கலில்தான் கம்பெனி பதிவு செய்யும். அதற்குக் கடைசி நாள் மே 15. அதுவரை பதிவேட்டில் நீங்க வேலையில் இருப்பதாகவே காட்டும், சரிபார்ப்பு அங்கேயே நிற்கும். எல்லாம் ஒழுங்கா நடந்தாலே மே கடைசி ஆகிடலாம். கிட்டத்தட்ட 80 நாள்!

அதனால இப்பவே செய்ய வேண்டியது:

1. கடைசித் தேதி வரை காத்திருக்காம சீக்கிரம் தாக்கல் பண்ணச் சொல்லி எச்ஆரிடம் கேளுங்க.

2. விலகிய காரணம் சரியா பதிவாகுதான்னு பாருங்க. ஒழுங்கு நடவடிக்கையில் நீக்கப்பட்டாலும், விருப்ப ஓய்வு வாங்கினாலும் பணம் கிடைக்காது. ஆலை மூடல், ஆட்குறைப்புன்னா ராஜீவ் காந்தி ஷ்ரமிக் கல்யாண் யோஜனான்னு தனித் திட்டம் இருக்கு. அதில் அதிகபட்சம் 24 மாதம் வரை கிடைக்கும்.

3. ஆதார், வங்கிக் கணக்கு, இஎஸ்ஐ மூன்றிலும் பெயர் ஒரே மாதிரி இருக்கணும்.

வீடு ஓசூரில், வேலை அத்திப்பள்ளியிலோ பொம்மசந்திராவிலோ என்றாலும் கவலை வேண்டாம். இஎஸ்ஐ மத்திய அரசு நிறுவனம், மாநில எல்லை தடையில்லை.

ஒண்ணு மட்டும் மறக்காதீங்க. சம்பளம் 21,000 ரூபாயைத் தாண்டினா அந்தச் சந்தா காலம் முடிந்ததும் இஎஸ்ஐ-யும் நின்றுவிடும். எப்படிப் பார்த்தாலும் மூணு மாசச் செலவுக்கான பணம் உங்க கையில இருக்கணும்.