ஃப்ளோரில் காய்ந்த நிலா

பூந்தமல்லியைத் தாண்டிப் பெங்களூரு நெடுஞ்சாலையில் போனால், செம்பரம்பாக்கத்தில் ஈ.வி.பி. ஃபிலிம் சிட்டி. இப்போதெல்லாம் பச்சைத் துணியைக் கட்டிப் படம்பிடித்துவிட்டு, மாளிகையையும் மழையையும் பிறகு கம்ப்யூட்டரில் சேர்த்துக்கொள்கிறார்கள். வடபழனியில் விஜயா - வாஹினி ஸ்டூடியோ கொடிகட்டிப் பறந்த நாளில் அந்தப் ‘பிறகு’ கிடையாது. மாயமோ மந்திரமோ, பெரும்பாலும் கேமராவுக்குள்ளேயே முடித்தாக வேண்டும். முடித்துக் கொடுத்தவர் ஒளிப்பதிவாளர் மார்கஸ் பார்ட்லி.

வெள்ளைக்காரர் அல்ல, 1917இல் ஏற்காட்டில் பிறந்த ஆங்கிலோ இந்தியர். பத்திரிகைப் புகைப்படம், செய்திப்படம் என்று நடப்பதை நடந்தபடி பிடித்துப் பழகிய கை. அந்தக் கைதான் ‘பாதாள பைரவி’ (1951), ‘மாயாபஜார்’ (1957) என்று நடக்கவே முடியாதவற்றைப் பிடித்தது.

‘மாயாபஜார்’ படகுப் பாட்டில் ஆற்றின் மேல் நிலா காய்கிறதே, அதில் வெளிப்புறத்தில் எடுத்தது சில விநாடிகள்தான். மிச்சமெல்லாம் ஸ்டூடியோ ஃப்ளோர். துவாரகை நகரம்? 50க்கு 60 அடி இடத்தில் 300 பொம்மை வீடுகள்! அவற்றை நகரமென்று நம்பவைப்பது லென்ஸின் பாடு.

ஒரே நடிகர் திரையில் இரண்டு பேராக வேண்டுமென்றால் அந்தக் காலத்தில் ஒரு வழி இருந்தது. லென்ஸுக்கு முன்னால் பாதியைக் கருப்பு அட்டையால் மறைத்து எடுப்பார்கள். ஃபிலிமைக் கணக்காகப் பின்னுக்குச் சுற்றி, மறுபாதியை மறைத்து, அதே சுருளில் மறுபடி எடுப்பார்கள். கேமரா ஒரு நூல் அசைந்தால் நடுவில் கோடு விழும். விழுந்தது தெரிவதே லேபிலிருந்து வந்த பிறகுதான். மானிட்டரைப் பார்த்துக்கொண்டே எடுக்கிறவர்களுக்கு அந்த வயிற்றுக் கலக்கம் புரியுமா?

ஃபிலிமோடு இப்படி விளையாடுவது ஹாலிவுட்டிலும் உண்டு. 1956இல் ஹங்கேரிப் புரட்சியைப் படமெடுத்து, சுருள்களோடு ஆஸ்திரியாவுக்குத் தப்பிய இருவர் வில்மோஷ் ஜிக்மோண்டும் லாஸ்லோ கோவாச்சும். பின்னாளில் ஹாலிவுட் ஒளிப்பதிவின் பெரும்புள்ளிகள். ‘மெக்கேப் அண்ட் மிஸஸ் மில்லர்’ (1971) படத்துக்காக ஜிக்மோண்ட் ஃபிலிமில் தனியாக லேசான வெளிச்சம் காட்டி, காட்சிகளைப் பழம்புகைப்படம்போல் வெளிற வைத்தார். நெகட்டிவோடு விளையாடுவதில் பார்ட்லி அவருக்கு அண்ணன்.

ஆனாலும் பார்ட்லியின் கெட்டிக்காரத்தனத்துக்கு ராமு காரியாட்டின் ‘செம்மீன்’தான் (1965) நல்ல சாட்சி. கடலும் மணலும் கலரில். ஒளிந்துகொள்ள மாயாஜாலம் ஏதுமில்லை. படத்துக்கு ஜனாதிபதியின் தங்கப் பதக்கம் கிடைத்தது. பார்ட்லிக்கே தேசிய விருது வந்தது தமிழில், ‘சாந்தி நிலையம்’ (1969) படத்துக்கு.

1993இல் பார்ட்லி காலமானார். வாஹினி வளாகத்தில் இன்று ஆஸ்பத்திரியும் மாலும். 2010இல் தெலுங்கு ‘மாயாபஜார்’ கம்ப்யூட்டரில் வண்ணமேற்றித் திரைக்கு வந்தது. புது நிறத்துக்கு அடியில் இருந்தது பார்ட்லி வைத்த அதே வெளிச்சம்.