கண்ணுக்குத் தெரியாத கதிர்கள்



சென்ற ஆண்டு என் பாட்டிக்கு விடாத இருமல். மார்பை எக்ஸ்-ரே எடுக்கும்படி டாக்டர் கூறினார். பாட்டியோ, "அந்தக் கதிர் உடம்புக்குள்ளேயே தங்கிவிடுமாம், எனக்கு வேண்டாம்" என்று மறுத்துவிட்டார்கள். பாட்டியின் அச்சத்தைப் போக்குவதற்காக நான் படித்து அறிந்தவற்றையே இங்கு எழுதுகிறேன்.

கதிர்வீச்சு என்றால் என்ன? ஆற்றல் அலைகளாகவோ நுண்துகள்களாகவோ பரவுவதே கதிர்வீச்சு. சூரிய ஒளியும் அடுப்பின் அனலும்கூடக் கதிர்வீச்சுதான். ஆனால் சில கதிர்கள் அணுவிலிருந்து எலக்ட்ரானையே பிரித்துவிடும் வலிமை உடையவை. அவை அளவு மீறினால் உடலுக்குத் தீங்கு செய்யும். எக்ஸ் கதிர்களை 1895-ல் ராண்ட்ஜன் கண்டுபிடித்தார். யுரேனியம் தானாகவே கதிர் வீசுவதை மறு ஆண்டு பெக்கரல் கண்டார். நிலையற்ற அணுக்கரு சிதையும்போது ஆல்ஃபா, பீட்டா, காமா கதிர்கள் வெளிப்படுகின்றன. ஆல்ஃபாவை ஒரு தாளே தடுத்துவிடும். பீட்டாவுக்கு அலுமினியத் தகடு போதும். காமாவுக்கோ தடித்த ஈயம் அல்லது கான்கிரீட் சுவர் தேவை.

இக்கதிர்கள் எங்கிருந்து வருகின்றன? வானிலிருந்து காஸ்மிக் கதிர்கள் வருகின்றன. மண்ணிலும் பாறையிலும் யுரேனியமும் தோரியமும் உள்ளன. கன்னியாகுமரி மாவட்டத்து மணவாளக்குறிச்சிக் கடற்கரை மணலில் தோரியம் கலந்த மோனசைட் மிகுதி. நமது நெய்வேலிப் பழுப்பு நிலக்கரியிலும் இவை மிகச் சிறிதளவு உண்டு. எரித்தபின் சாம்பலில் தங்கிவிடும். நாம் உண்ணும் வாழைப்பழத்திலும், ஏன், நம் உடலிலும்கூடக் கதிர் வீசும் பொட்டாசியம் சிறிது இருக்கிறது!

இயற்கையிலிருந்து ஒரு மனிதர் ஆண்டுதோறும் பெறும் கதிர்வீச்சு உலகச் சராசரியில் 2.4 மில்லிசீவர்ட். ஒரு மார்பு எக்ஸ்-ரேயில் பெறுவது ஏறத்தாழ 0.1 மட்டுமே. அதாவது, இரண்டு வாரம் சும்மா இருந்தாலே கிடைக்கும் அளவு! ஆயினும் அலட்சியம் கூடாது. ரேடியத்தைக் கண்டறிந்த மேரி கியூரி அம்மையார், தகுந்த பாதுகாப்பின்றிப் பல்லாண்டு அதனோடு உழைத்து, 1934-ல் இரத்த நோயால் மறைந்தார். அதனால்தான் இன்று எக்ஸ்-ரே எடுப்பவர் தடுப்புக்குப் பின்னால் நிற்கிறார். கர்ப்பிணிகள் முன்கூட்டியே டாக்டரிடம் சொல்ல வேண்டும்.

"பாட்டி, எக்ஸ்-ரே மின்விளக்கைப் போன்றது. சுவிட்சை அணைத்ததும் கதிர் நின்றுவிடும், உடம்பில் தங்காது" என்றேன். பாட்டி அரைமனதோடு வந்தார்கள். படத்தில் நுரையீரலில் கறை தெரிந்தது. சளிப் பரிசோதனையில் காசநோய் என்று உறுதியாயிற்று. ஆறு மாதம் தவறாமல் மருந்து உட்கொண்டு, இப்போது நலமாக இருக்கிறார்கள்.

தோழியரே, அறியாமல் அஞ்சுவதும் தவறு, அறியாமல் துணிவதும் தவறு. அளவை அறிந்து நடப்போம்!

— பத்தாம் வகுப்பு மாணவி