பேசாப் படத்தில் ஒரு கோணல் வீடு

பேசும்படம் பிறப்பதற்கு முன்பே மக்கள் வயிறு குலுங்கச் சிரித்தனர். 1895 டிசம்பரில் பாரிஸ் நகரிலே லூமியேர் சகோதரர் கட்டணம் பெற்றுக் காட்டிய படங்களுள் ஒன்று, சிறுவனின் குறும்பினால் தோட்டக்காரன் முகத்தில் குழாய்நீர் பீறிட்ட கதை. அது ஒரு நிமிடமும் ஓடாது. விழுந்தும் அடிபட்டும் நனைந்தும் சிரிக்கவைக்கும் படங்களுக்கெல்லாம் அதுவே மூத்த பிள்ளை. நமது நாட்டுக்கூத்துக் கோமாளிக்கோ அதனினும் வயது அதிகம்!

1914இல் தொளதொளத்த காற்சட்டையும் கைத்தடியுமாகத் திரையிலே தோன்றிய சார்லி சாப்ளினை அறியாதார் இலர். 1932இல் அவர் இலங்கைக்கும் வந்து சென்றார். ஆயினும் நாம் இங்கு சொல்ல வந்தது, முகத்திற் சிரிப்பே காட்டாத பஸ்டர் கீற்றனைப் பற்றி. பெற்றோருடன் மேடையேறிய சிறுவயதில், தந்தையார் அவரைத் தூக்கி எறிவதே வேடிக்கை. எறிய வசதியாக உடுப்பிலே பெட்டிக் கைப்பிடி ஒன்றும் தைக்கப்பட்டிருந்ததாம். விழும் வித்தை அங்கே கற்றதுதான்.

அவரது ‘ஒரு வாரம்’ என்ற குறும்படம் 1920இல் வெளிவந்தது. புதுமணத் தம்பதிக்கு ஒரு வீடு பரிசாகக் கிடைக்கிறது, பெட்டிகளிலே பலகைகளாக! பொறாமைக்காரன் ஒருவன் பெட்டிகளின் இலக்கங்களை மாற்றிவிடுகிறான். எழும்புவது கோணல் வீடு. மேல்மாடிக் கதவு அந்தரத்தில் திறக்கிறது. புயலிலே, விருந்தினர் உள்ளிருக்க, வீடு பம்பரமாய்ச் சுழல்கிறது. சுழலும் மேடைமீது வீட்டை மெய்யாகவே கட்டிச் சுழற்றினார்கள். மேலிருந்து விழுந்த கீற்றனுக்குக் கை வீங்கிப்போயிற்று.

பிறகுதான், கட்டிய காணியே பிழையென்று தெரிகிறது. இழுத்துச் செல்கையில் வீடு தண்டவாளத்தில் அகப்பட்டுக்கொள்கிறது. புகைவண்டி வருகிறது, இருவரும் கண்களை மூடுகிறார்கள், அது பக்கத்துத் தண்டவாளத்தாற் போய்விடுகிறது. மூச்சு விடுமுன் எதிர்த்திசையிலிருந்து மற்றொன்று!

இப்படத்தை மல்லாவியில் எமது உறவினர் வீட்டு முற்றத்திலே அயலவர்க்குக் காட்டினோம். வீடு அவர்களுக்கு விளையாட்டுப் பேச்சன்று. 2009இல் முடிந்த போரிலே யாவும் இழந்து, முகாமிலிருந்து மீண்டு, தகரக் கொட்டிலிலே தொடங்கிக் கல்வீடு கண்டவர்கள். முகஞ்சுளிப்பார்களோ என்று எமக்கு ஐயமிருந்தது. இரண்டாம் வண்டி மோதியதும் முதலிற் சிரித்தவர் ஓர் அம்மம்மா.

முடிவிலே கீற்றன் ‘விற்பனைக்கு’ என்ற அட்டையைச் சிதைவின்மேல் நாட்டி, வீடு கட்டும் விளக்கத்தாளையும் அதனோடு வைத்துவிட்டு, மனைவியின் கைபிடித்து நடக்கிறார். அம்மம்மாவுக்கு அதுமட்டும் பிடிக்கவில்லை.

“அந்தக் கடதாசியை ஏன் தம்பி விட்டிட்டுப் போறான்? திரும்பக் கட்டவேண்டாமே?”