லாபம் இருக்கிறது, பணம் எங்கே?

2024 ஆகஸ்டில் ரிசோர்ஸ்ஃபுல் ஆட்டோமொபைல் என்ற டெல்லி நிறுவனம் பங்கு வெளியிட்டது. இரண்டு யமஹா ஷோரூம்கள், எட்டு ஊழியர்கள். கேட்டது சுமார் 12 கோடி ரூபாய். குவிந்த விண்ணப்பங்களின் மதிப்போ 4,700 கோடியைத் தாண்டியது. விண்ணப்பித்தவர்களில் எத்தனை பேர் அதன் பழைய கணக்குகளைப் புரட்டிப் பார்த்திருப்பார்கள் என்ற கவலை எனக்கு இன்னும் தீரவில்லை.

சிறு நிறுவனம் என்றதும் எல்லோரும் விற்பனை வளர்ச்சியைப் பார்க்கிறார்கள், பிறகு லாபத்தை. நான் முதலில் தேடுவது வரவேண்டிய பாக்கியை.

ஒரு கணக்குப் போட்டுப் பார்ப்போம். போன வருடம் விற்பனை 10 கோடி, வருடக் கடைசியில் வசூலாகாத பாக்கி 2 கோடி. இந்த வருடம் விற்பனை 15 கோடி, பாக்கி 6 கோடி. லாபம் 80 லட்சத்திலிருந்து ஒன்றரைக் கோடியாகியிருக்கிறது. பார்க்க அழகுதான். ஆனால் 73 நாளில் வசூலான பணம் இப்போது 146 நாள் இழுக்கிறது. பாக்கியில் மட்டும் 4 கோடி கூடுதலாக முடங்கிவிட்டதால், ஒன்றரைக் கோடி லாபம் காட்டிய தொழில் உண்மையில் இரண்டரைக் கோடிக்கு வெளியே கை நீட்டியிருக்கும். ஐந்தொகையில் வங்கிக் கடன் ஏறியிருக்கிறதா, சரக்கு கொடுத்தவர்களுக்குத் தரவேண்டியது ஏறியிருக்கிறதா என்று பாருங்கள். பெரும்பாலும் இரண்டில் ஒன்று ஏறியிருக்கும்.

கைக்கு உண்மையில் வந்த பணத்தை நாமேதான் கணக்கிட வேண்டியிருக்கும். கம்பெனிகள் சட்டம் 2013 'சிறிய நிறுவனம்' என்று வரையறுப்பவை பணப்புழக்க அறிக்கை தரத் தேவையில்லை. அடுத்தடுத்த இரண்டு ஐந்தொகைகள் கையில் இருந்தால் அரை மணி நேர வேலை.

நிதியாண்டு முடியும் மார்ச் கடைசி வாரத்தில் விற்பனை திடீரென்று எகிறியிருந்தால், ஏப்ரல் மாத வங்கிக் கணக்கையும் சரக்குத் திரும்பிய விவரத்தையும் கேளுங்கள். ஜிஎஸ்டி ரிட்டர்னில் காட்டிய விற்பனையும் தணிக்கைக் கணக்கில் உள்ளதும் ஒத்துப்போக வேண்டும்.

குடும்பத் தொழில்களில் இன்னொரு சிக்கல். முதலாளி சம்பளம் எடுக்காமல், அப்பா பெயரிலுள்ள கட்டடத்தில் வாடகையின்றித் தொழில் நடத்தினால் லாபம் ஊதிப் பெரிதாகத் தெரியும். வீட்டுக் காரின் பெட்ரோல் வரை கம்பெனியில் எழுதினால் சுருங்கித் தெரியும். சந்தை விலைச் சம்பளத்தையும் வாடகையையும் கழித்து, சொந்தச் செலவைத் திரும்பக் கூட்டினால்தான் தொழிலின் நிஜமான சம்பாத்தியம் தெரியும். உறவினர் நிறுவனங்களோடு நடந்த கொடுக்கல் வாங்கல், கணக்கின் பின்னிணைப்பில் சின்ன எழுத்தில் இருக்கும். அங்கே அவசரப்படாதீர்கள்.

மூன்று ஆண்டுகளில் இரண்டிலாவது 1 கோடி ரூபாய் செயல்பாட்டு லாபம் இருந்தால்தான் சிறு, நடுத்தர நிறுவனங்களுக்கான எஸ்எம்இ தளத்தில் பங்கு வெளியிடலாம் என்று பங்குச் சந்தை ஒழுங்குமுறை அமைப்பான செபி இப்போது விதித்திருக்கிறது. வரவேற்கிறேன். ஆனால் அது லாபத்தைத்தான் அளக்கிறது, வசூலை அல்ல.

டிராஃபிக்சால் என்ற நிறுவனத்தின் விவகாரத்தில் தவறு கடந்தகால லாபத்தில்கூட இல்லை. 44.87 கோடி ரூபாய் திரட்டிய அந்த நிறுவனம், 17.70 கோடிக்கு மென்பொருள் வாங்கப்போவதாகக் காட்டிய விற்பனையாளர் வெறும் பெயரளவு நிறுவனம் என்று செபி கண்டறிந்தது. 2024 டிசம்பரில் முதலீட்டாளர்களின் பணத்தைத் திருப்பித் தர உத்தரவிட்டது. ஒரு நிறுவனம் கம்பெனிகள் விவகார அமைச்சகத்தில் தாக்கல் செய்த ஆவணங்களை, அந்த அமைச்சகத்தின் இணையதளத்தில் 100 ரூபாய் கட்டி யாரும் பார்க்கலாம். முதலீடு கேட்கும் நிறுவனத்துக்கு ஒரு 100 கட்டும்போது, அதன் பெரிய விற்பனையாளருக்கும் பெரிய வாடிக்கையாளருக்கும் சேர்த்தே கட்டிவிடுங்கள்.